சிஜி சார், ஒரு நிமிஷம்தான்! ரிக்கோ தீட்டா இசட்1 கேமராவோடு ஆறு வருடம்

சுற்றியிருக்கும் எல்லாத் திசையையும் ஒரே தட்டலில் எடுக்கும் இந்த 360 டிகிரி கேமராவைப் பற்றி எழுதும் முன் ஒரு எவர்சில்வர் குண்டைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

சினிமாவில் சிஜி (கம்ப்யூட்டர் கிராஃபிக்ஸ்) வேலைக்காக 2008-ல் முதன்முதலாக ஷூட்டிங் ஸ்பாட்டுக்குப் போனபோது என்னிடம் இரண்டு குண்டுகள் இருந்தன. ஒன்று, மாடிப்படிக் கைப்பிடியின் முனையில் வைப்பார்களே, அது. கிண்டி தொழிற்பேட்டையில் கைப்பிடி வேலை செய்யும் ஒரு பட்டறையில் இருந்ததிலேயே பெரியதாகப் பார்த்து வாங்கினேன். "வீடு எத்தனை மாடி சார்?" என்று கேட்டார் பட்டறைக்காரர். வீடு இல்லை, ஒரே ஒரு குண்டு போதும் என்றதும் அவர் பார்த்த பார்வை இன்னும் மறக்கவில்லை. இன்னொன்று பிளாஸ்டிக் பந்து. புதுப்பேட்டையில் கார்களுக்குப் பெயிண்ட் அடிப்பவரிடம் கொடுத்து, பளபளப்பே இல்லாத சாம்பல் நிறம் அடிக்கச் சொன்னேன். மேலே விழும் வெளிச்சத்தில் 18 சதவீதத்தை மட்டும் திருப்பித் தரும் சாம்பல் வேண்டும் என்று எப்படி விளக்குவது? கையிலிருந்த கிரே கார்டை, அதே சாம்பல் நிற மாதிரி அட்டையை, காட்டிக் காட்டி நாலு தடவை கலக்க வைத்தேன். நாலாவது தடவை, "சிமெண்ட் கலருன்னு மொதல்லயே சொல்லியிருக்கலாமே சார்" என்றார். சரிதான்.

எதற்கு இந்தக் குண்டுகள்? நிஜத்தில் இல்லாத ஒரு காளையை கம்ப்யூட்டரில் செய்து, நிஜமான வயலில் கொண்டுவந்து நிறுத்த வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த வயலில், அந்த நேரத்தில் வெளிச்சம் எங்கிருந்து, எவ்வளவு, என்ன நிறத்தில் வந்தது என்று தெரியாமல் காளைக்கு லைட் வைக்க முடியாது. பளபள குண்டு சுற்றியிருக்கும் எல்லாவற்றையும் தன் மேல் காட்டும். சாம்பல் குண்டு, வெயில் எந்தப் பக்கம், நிழல் எவ்வளவு கறாராக விழுகிறது என்று காட்டும். கம்ப்யூட்டர் கிராஃபிக்ஸ் ஆராய்ச்சியாளர் பால் டெபெவெக் 1998-ல் அந்தத் துறையின் சிக்ராஃப் மாநாட்டில் இந்த முறையை விளக்கிக் கட்டுரை கொடுத்தார். ஒரே குண்டை இருட்டாக ஒன்று, கொஞ்சம் வெளிச்சமாக ஒன்று, இன்னும் வெளிச்சமாக ஒன்று என்று எடுத்துச் சேர்த்தால், அந்த இடத்தின் மொத்த வெளிச்சத்தையும் ஒரே படத்துக்குள் அள்ளிவிடலாம். நாங்கள் அதை ஹெச்டிஆர்ஐ (ஹை டைனமிக் ரேஞ்ச் இமேஜ்) என்போம். நல்ல ஹெச்டிஆர்ஐ கையில் இருந்தால் காளைக்குப் பாதி லைட்டிங் முடிந்த மாதிரி. இல்லையென்றால் ஆர்ட்டிஸ்ட் யூகித்து லைட் வைப்பான், டைரக்டர் பார்த்துவிட்டு "என்னமோ ஒட்ட வச்ச மாதிரி இருக்கே" என்பார். அந்த "என்னமோ" எது என்று கண்டுபிடிக்க நமக்கு மூன்று வாரம் ஆகும்.

காளை என்று சும்மா உதாரணத்துக்குச் சொல்லவில்லை. படத்தில் நிஜ விலங்கைப் பயன்படுத்த விலங்குகள் நல வாரியத்தின் அனுமதி வேண்டும் என்பதால், தமிழ்ப் படங்களில் காளை, யானை, பாம்பு எல்லாம் எங்கள் மேசைக்கு வந்துவிடுகின்றன. அப்புறம் தியேட்டரில் அந்தக் காளை வரும்போது திரையின் ஓரத்தில் சிஜிஐ என்று எழுத்து போடுவார்கள். நாலு மாதம் உழைத்து, யாரும் கண்டுபிடிக்கக் கூடாது என்று செய்த வேலைக்கு மேலேயே 'இது பொய்' என்று லேபிள். வேறு எந்தத் தொழிலில் இந்தக் கொடுமை உண்டு?

1994-ல் நான் ஒன்பதாவது படித்தேன். காதலன் படப் பாட்டில் ஆள் மறைந்து தொப்பியும் உடையும் மட்டும் ஆடியதைப் பார்த்துவிட்டு, அது எப்படி என்று வீட்டில் எல்லோரையும் அரித்தெடுத்தேன். அந்தப் படத்தின் ஸ்பெஷல் எஃபெக்ட்ஸுக்காக எஸ்.டி. வெங்கிக்கு தேசிய விருது கிடைத்தது என்பதெல்லாம் பின்னால் தெரிந்துகொண்டது. 2002-ல் சாலிகிராமத்தில் ஒரு மாடி அறையில் ரோட்டோ ஆர்ட்டிஸ்டாகச் சேர்ந்தேன். சண்டைக் காட்சியில் ஆளைத் தூக்கும் கயிற்றை ஒவ்வொரு ஃப்ரேமாக அழிக்கிற வேலை. நொடிக்கு 24 ஃப்ரேம். கனவில்கூட கயிறுதான் வரும். பிறகு தனித்தனியாக எடுத்ததையும் செய்ததையும் ஒரே ஃப்ரேமில் சேர்க்கும் காம்போசிட்டிங், அதன் பிறகு செட்டுக்குப் போய் அளவெடுக்கிற வேலை, அதன் பிறகுதான் சூப்பர்வைசர். பெயர் பெரிதாகத் தெரிந்தாலும் செட்டில் எங்களை யாரும் அப்படிக் கூப்பிடுவதில்லை. "சிஜி வந்தாச்சா?" அவ்வளவுதான். லைட், கிரேன், ஜெனரேட்டர் மாதிரி நாங்களும் ஒரு ஐட்டம்.

இந்த ஐட்டத்துக்கு செட்டில் ஒதுக்கப்படும் நேரம் என்று ஒன்று கிடையாது. டைரக்டருக்கு நேரம் உண்டு, கேமராமேனுக்கு உண்டு, ஹீரோவின் டச்சப்புக்கு உண்டு. ஷாட் ஓகே ஆனதும் அடுத்த ஷாட்டுக்கு லைட்டை மாற்றத் தொடங்குவதற்குள் இருக்கும் அந்தச் சின்னச் சந்துக்குள் நாங்கள் நுழைந்து குண்டைப் பிடித்து, நிறங்களைச் சரிபார்க்கும் கலர் சார்ட்டைக் காட்டி, அளவெடுத்து வெளியே வந்துவிட வேண்டும். இடது பக்கம் லைட்மேன் ஸ்டாண்டைத் தூக்கிக்கொண்டிருப்பார். தூக்கிவிட்டால் வெளிச்சம் போச்சு, என் ஹெச்டிஆர்ஐயும் போச்சு. "அண்ணே, ரெண்டே நிமிஷம்ணே" என்று லைட்மேனைக் கெஞ்சியது, "சார், இது இல்லாட்டி அப்புறம் கஷ்டமாயிடும் சார்" என்று கோ-டைரக்டரைக் கெஞ்சியது, இதையெல்லாம் கூட்டினால் என் சர்வீஸில் ஒரு பெரிய பங்கு கெஞ்சலில் போயிருக்கும். பதில் எப்போதும் ஒன்றுதான்: "சிஜியில பார்த்துக்கலாம் சார்!" அதை என்னிடமே சொல்வார்கள்.

குண்டை விட்டு அடுத்து வந்தது டிஎஸ்எல்ஆர். கேனன் 5டி மார்க் 2, அதில் மிக அகலமாகப் பிடிக்கும் சிக்மா 8 மில்லிமீட்டர் மீன்கண் லென்ஸ், கீழே கேமராவைச் சரியாக லென்ஸ் மையத்தில் சுழற்றும் ஒரு பனோரமா தலை, அதற்குக் கீழே டிரைபாட். நாலு திசைக்குத் திருப்பி, ஒவ்வொரு திசையிலும் ஏழு எக்ஸ்போஷர், அதாவது இருட்டிலிருந்து வெளிச்சம் வரை ஏழு படம். மார்க் 2-வில் தானாக மூன்று எக்ஸ்போஷர்தான் வரும். மேஜிக் லேண்டர்ன் என்ற இலவச மென்பொருளைக் கார்டில் ஏற்றித்தான் ஏழாக்கினோம். தரத்தில் குறை சொல்ல முடியாது. ஆனால் டிரைபாடை விரித்து, மட்டம் பார்த்து, நாலு பக்கம் திருப்பி முடிக்க நாலைந்து நிமிடம். மூன்றாவது திசையில் இருக்கும்போது எவராவது தெர்மாகோலைத் தூக்கிக்கொண்டு குறுக்கே நடப்பார். முதல் திசையில் இருந்த மேகம் நாலாவது திசையில் இருக்காது.

தீட்டா இசட்1 வந்தது 2019-ல். அறிமுக விலை ஏறக்குறைய 1000 டாலர். அந்த வருடக் கடைசியில் சிங்கப்பூரிலிருந்து வந்த மச்சானிடம் சொல்லி வாங்கிவரச் சொன்னேன். பெட்டியைப் பிரித்தவர் "இதுக்கா இவ்வளவு காசு, டிவி ரிமோட் மாதிரி இருக்கு" என்றார். பார்த்தால் அப்படித்தான் இருக்கும். 182 கிராம். சட்டைப் பையில் போட்டால் தலை மட்டும் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். முன்னால் ஒரு மீன்கண், பின்னால் ஒரு மீன்கண், ஒவ்வொன்றுக்கும் ஒரு அங்குல சென்சார். இதற்கு முந்தைய தீட்டாக்களில் செல்போன் அளவுக்குத்தான் சென்சார் இருந்தது. இரவுக் காட்சியில் எடுத்தால் இருட்டெல்லாம் பொரிபொரியாக வரும். இசட்1-ல்தான் இந்த வகை கேமராவை நம்பி ஒரு நைட் ஷூட்டுக்குப் போக முடிந்தது.

எனக்கு முக்கியமானவை நாலு. சென்சார் பார்த்ததை அப்படியே வைத்திருக்கும் ராவ் கோப்பு எடுக்கும். அப்பர்ச்சரை, அதாவது லென்ஸின் திறப்பை, 2.1, 3.5, 5.6 என்று மாற்றலாம்; எண் கூடினால் திறப்பு சின்னதாகும். ஷட்டர் ஒரு நொடியில் 25,000-ல் ஒரு பங்கு வரை போகும். உள்ளே ஓடுவது ஆண்ட்ராய்டு என்பதால் பிளகின் என்னும் கூடுதல் மென்பொருள் ஏற்றலாம். பல எக்ஸ்போஷரையும் ராவில் வரிசையாக எடுத்துத் தரும் பிளகின் இலவசமாகவே கிடைக்கிறது. வெப்சைட்டில் போட்டிருக்கும் 4கே வீடியோ, லைவ் ஸ்ட்ரீமிங் பற்றியெல்லாம் எனக்கு ஒன்றும் தெரியாது. ஆறு வருடத்தில் ஒருமுறைகூட இதில் வீடியோ எடுத்ததில்லை.

நான் செய்வது இப்படி. மெல்லிய லைட் ஸ்டாண்ட் ஒன்றில் கேமராவை மாட்டி ரெடியாக ஓரத்தில் வைத்திருப்பேன். டிரைபாட் வேண்டாம். மூன்று காலும் படத்தில் விழும், பிறகு உட்கார்ந்து அழிக்க வேண்டும். ஷாட் ஓகே என்றதும் ஓடிப்போய், காளை நிற்க வேண்டிய இடத்தில், காளையின் உயரத்தில் ஸ்டாண்டை வைப்பேன். முதலில் கிளாப் போர்டை லென்ஸ் முன் காட்டி ஒரு படம். அது இல்லையென்றால் ஆறு மாதம் கழித்து எந்தக் கோப்பு எந்த சீன் என்று தலையைப் பிய்த்துக்கொள்ள வேண்டும். பிறகு இரண்டு ஸ்டாப் இடைவெளியில், அதாவது ஒவ்வொன்றும் முந்தையதைவிட நாலு மடங்கு வித்தியாசத்தில், ஒன்பது எக்ஸ்போஷர். வெளிப்புறப் பகல் என்றால் ஒரு நிமிடத்துக்குள் எல்லாம் முடிந்துவிடும். இரவில் நீண்ட எக்ஸ்போஷர்கள் இருப்பதால் இன்னும் கொஞ்சம் ஆகும். அலுவலகத்தில் படங்களை ஒட்டும் பிடிகுய் மென்பொருளில் ஒரு டெம்பிளேட் செய்துவைத்திருக்கிறோம். கோப்புகளைப் போட்டுவிட்டு டீ குடித்து வருவதற்குள் இரண்டு வட்டமும் ஒன்றாக ஒட்டி, எக்ஸ்போஷரெல்லாம் சேர்ந்து வந்துவிடும்.

ஒரு சின்ன விஷயம், வாங்கிய புதிதில் எனக்கு யாரும் சொல்லித்தராதது: இரண்டு லென்ஸும் சந்திக்கும் விளிம்பில்தான் ஒட்டு விழும். அங்கே பக்கத்தில் ஏதாவது பொருள் இருந்தால் இரண்டாகத் தெரியும் அல்லது கடித்த மாதிரி இருக்கும். அதனால் கேமராவின் முகத்தை மெயின் லைட்டுக்கு நேராகத் திருப்ப வேண்டும். மெயின் லைட் ஒட்டில் விழுந்தால் அந்த ஹெச்டிஆர்ஐயை நம்ப முடியாது. இன்னொன்று, எடுத்த இடத்துக்கு மட்டும்தான் ஹெச்டிஆர்ஐ உண்மை. ஒருமுறை வெயிலில் ஓடச் சோம்பல்பட்டு, நான் நின்ற வேப்பமர நிழலிலேயே வைத்து எடுத்துவிட்டேன். காளை நின்றதோ பத்தடி தள்ளி வெயிலில். கேமரா தன் வேலையைச் சரியாகச் செய்திருந்தது. காளையின் மேல் வேப்பிலைப் பச்சை அழகாக விழுந்தது.

2021-ல் காரைக்குடிப் பக்கம் ஒரு ஷூட்டிங். சாயந்திரம் 5.50. கேமராமேன் அந்தப் பொன்வெயில் போவதற்குள் மூன்று ஷாட் எடுக்கத் துடித்துக்கொண்டிருந்தார். அந்தச் சமயத்தில் யூனிட்டில் யாரிடமும் நேரம் கேட்க முடியாது, கேட்டால் அடிதான். கோ-டைரக்டர் என்னைப் பார்த்தார். நான் ஸ்டாண்டைக் காட்டினேன். "சிஜி சார், ஒரு நிமிஷம்தான்!" என்று மைக்கிலேயே கத்தினார். நான் ஐம்பது நொடியில் வெளியே வந்துவிட்டேன். "முடிஞ்சுதா?" என்றார், நம்பாமல். அன்றிலிருந்து அந்தப் படம் முடியும் வரை ஒவ்வொரு ஷாட்டுக்குப் பிறகும் அவரே "சிஜி, போங்க" என்று கூப்பிட ஆரம்பித்தார். பதிமூன்று வருடக் கெஞ்சலில் கிடைக்காத மரியாதையை ஒரு டிவி ரிமோட் வாங்கித் தந்தது.

அந்த ஷாட்டுக்கே இன்னொரு கதை உண்டு. ஐந்து மாதம் கழித்து காளையைப் பொருத்திப் பார்த்தபோது எல்லாம் சரியாக இருந்தது, வயிறு மட்டும் நீலம் அடித்தது. லைட்டிங் செய்த பையன் அது பிழை என்று நினைத்து அந்த நீலத்தைத் தூக்கிவிட்டான். தூக்கியதும் காளை வயலைவிட்டு வெளியே வந்துவிட்டது, பழைய "ஒட்ட வச்ச மாதிரி" கதைதான். ஹெச்டிஆர்ஐயைத் திறந்து சுற்றிப் பார்த்தோம். ஃப்ரேமுக்கு வெளியே, புரொடக்ஷன் ஆட்கள் சாப்பாட்டுப் பாத்திரங்களை வைக்கத் தரையில் ஒரு பெரிய நீலத் தார்ப்பாய் விரித்திருந்தார்கள். சாய்ந்த வெயில் அதில் பட்டு மேலே எழும்பியிருக்கிறது. நிஜமான காளை அங்கே நின்றிருந்தால் அதன் வயிறும் நீலமாகத்தான் இருந்திருக்கும். நீலத்தைத் திரும்பப் போட்டோம். டைரக்டர் ஒரே பார்வையில் ஓகே சொன்னார். தார்ப்பாய் விஷயம் அவருக்கு இன்றுவரை தெரியாது.

கொரோனாவுக்குப் பிறகு ஷூட்டிங் தொடங்கியபோது செட்டில் ஆள் எண்ணிக்கைக்குக் கட்டுப்பாடு இருந்தது. சிஜிக்கு ஒரே ஆள்தான் என்றார்கள். பழைய டிஎஸ்எல்ஆர் மூட்டையோடு தனியாளாக நான் திண்டாடியிருப்பேன். இந்த கேமரா இருந்ததால் சமாளித்தேன்.

சரி, குறைகளுக்கு வருகிறேன்.

பேட்டரியைக் கழற்ற முடியாது. 300 படம் என்று போட்டிருக்கிறார்கள். ஒரு இடத்துக்கு ஒன்பது, கிளாப் ஒன்று என்று போட்டால் முப்பது இடம்தான். வைஃபையைப் போனோடு இணைத்தே வைத்திருந்தால் அதுவும் வராது. சாப்பாட்டு பிரேக்கில் எல்லோரும் சாப்பிட, நான் கேமராவுக்கு பவர் பேங்க் ஊட்டிக்கொண்டிருப்பேன். மெமரி கார்டு போடவும் இடம் கிடையாது. நான் வாங்கியது முதலில் வந்த 19 ஜிபி மாடல். ராவில் எடுத்தால் 350 படத்தோடு நிரம்பிவிடும். பின்னால் 51 ஜிபியில் ஒன்று கொண்டுவந்தார்கள், வாங்குவதென்றால் அதைத்தான் வாங்க வேண்டும். கார்டு இருந்தால் கழற்றி அசிஸ்டெண்டிடம் கொடுத்துவிட்டு வேறு கார்டு போட்டுக்கொள்ளலாம். இதில் நடு ஷூட்டிங்கில் லேப்டாப்பைத் திறந்து, யூஎஸ்பி சி ஒயரை மாட்டி, மொத்தமாக இறக்கி, சரிபார்த்து அழிக்க வேண்டும். ஒரு ஷூட்டிங் நாளுக்காக யோசித்துச் செய்த கேமரா இல்லை இது. வீடு விற்பவர்கள் உள்ளறையைக் காட்டுவதற்காக எடுத்துப் போடுகிறார்களே, அந்த மாதிரி வேலைகளை நினைத்துச் செய்தது. நாங்கள்தான் இழுத்துக்கொண்டுவந்து புழுதியில் நிறுத்தியிருக்கிறோம்.

புழுதி என்றதும் நினைவுக்கு வருகிறது. தண்ணீருக்கும் தூசிக்கும் இதற்குப் பாதுகாப்பு எதுவும் கிடையாது. மழைக் காட்சியில் மழை நின்ற பிறகுதான் கொண்டுபோக வேண்டும், அப்போது மழை வெளிச்சம் இருக்காது. லென்ஸ் இரண்டும் தவளைக் கண் மாதிரி இரண்டு பக்கமும் புடைத்துக்கொண்டிருக்கும். எந்தப் பக்கம் விழுந்தாலும் கண்தான் முதலில் அடிபடும். இரண்டாம் வருடம் ஒரு காற்று நாளில், ஸ்டாண்டுக்கு மணல் மூட்டை போடாமல் விட்டேன். முழுக்க என் தவறு. ஒரு லென்ஸில் நகம் கீறின மாதிரி கோடு. சரிசெய்து தருகிறேன் என்று சொன்ன ஒரு கடையில் கொடுத்தேன். மூன்று மாதம் வைத்திருந்து, நன்றாகத் துடைத்துத் திருப்பிக் கொடுத்தார்கள். அந்தக் கோடு வழியாக லைட் வந்தால் படத்தில் ஒரு வெள்ளைத் தூரிகைக் கோடு விழும். கீறல் பட்ட பக்கத்தை இருட்டுக்குத் திருப்பி வைத்து இன்னும் ஓட்டுகிறேன்.

அடுத்தது சூரியன். இதை கேமராவின் குறை என்று சொல்வது நியாயமில்லை, ஆனால் வாங்குகிறவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். அப்பர்ச்சர் 5.6, சென்சாரின் உணர்திறனைக் குறிக்கும் ஐஎஸ்ஓ 80, ஷட்டர் 25,000-ல் ஒரு பங்கு. இதற்கு மேல் இருட்டாக்க வழியில்லை. அப்போதும் நம் ஊர் மத்தியான வெயிலில் சூரிய வட்டம் வெள்ளையாகவே இருக்கும். அதாவது சூரியனின் நிஜ பலம் கோப்பில் பதியவில்லை. அப்படியே காளைக்குப் போட்டால் மேகமூட்டத்தில் நிற்கிற மாதிரி நிழல் சோகையாக விழும். இங்கேதான் புதுப்பேட்டைப் பந்து இன்னும் எனக்குச் சோறு போடுகிறது. சாம்பல் பந்தின் வெயில் பக்கமும் நிழல் பக்கமும் எத்தனை மடங்கு வித்தியாசம் என்று அளந்து, அந்தக் கணக்கு வரும்வரை ஹெச்டிஆர்ஐயில் சூரியனை ஏற்றுவோம். கேமராவோடு சாம்பல் பந்தும் கலர் சார்ட்டும் கட்டாயம் வேண்டும். எவர்சில்வர் குண்டு மட்டும் ஓய்வு பெற்றுவிட்டது. அது இப்போது எங்கள் வீட்டு மாடிப்படிக் கைப்பிடியின் முனையில், பட்டறைக்காரர் நினைத்த இடத்திலேயே இருக்கிறது.

செட்டில் இப்போது எல்லாம் எல்இடி லைட். அதைப் பாதியாகக் குறைத்து எரிய விட்டிருந்தால், வேகமான ஷட்டரில் படத்தில் வரிவரியாகக் கறுப்புப் பட்டை விழும். பழைய ஹெச்எம்ஐ, டங்ஸ்டன் காலத்தில் இவ்வளவு தொல்லை இல்லை. வேகமான எக்ஸ்போஷர்களில் அந்த லைட்டின் அளவை நான் நம்புவதில்லை. என்ன லைட், எத்தனை சதவீதம் என்று லைட்மேனிடமே கேட்டு நோட்டில் எழுதிக்கொள்கிறேன். மூத்த லைட்மேன் சொல்லும் கணக்கு சில சமயம் கேமராவைவிடத் துல்லியம்.

வேறு கேமராக்கள்? 2022-ல் வந்த தீட்டா எக்ஸில் பேட்டரியைக் கழற்றலாம், கார்டு போடலாம், பெரிய தொடுதிரை உண்டு, படமும் 11கே. நான் கேட்டதெல்லாம் கொடுத்துவிட்டு ராவை எடுத்துவிட்டார்கள், சென்சாரையும் சின்னதாக்கிவிட்டார்கள். என் வேலைக்கு அது ஆகாது. இன்ஸ்டா360-இன் ஒரு அங்குல மாடலை நண்பரிடம் வாங்கி இரண்டு நாள் பார்த்தேன். படம் நன்றாக இருக்கிறது, பேட்டரி மாற்றலாம். ஆனால் அப்பர்ச்சரைக் குறைக்க முடியாது என்பதால் வெயிலில் இசட்1 அளவுக்கு இறங்க முடியவில்லை. காசும் நேரமும் இருக்கிற பெரிய படம் என்றால் இன்றும் டிஎஸ்எல்ஆர் முறைதான் மேல். பின்னணியில் அப்படியே போட்டுக்கொள்ளும் அளவுக்குத் தெளிவு அதில்தான் வரும். இசட்1-இன் 23 மெகாபிக்சல் வெளிச்சத்துக்குப் போதும், பின்னணிக்குப் போதாது. கார் கண்ணாடியில் பிரதிபலிப்பு பெரிதாகத் தெரிகிற ஷாட்டில் மாட்டிக்கொள்வீர்கள்.

கடைசியாக ஒன்று, இது நிறையா குறையா என்று எனக்கே தெரியவில்லை. 360 டிகிரி கேமரா என்றால் எடுக்கிறவன் ஒளிய இடமில்லை. டிஎஸ்எல்ஆரில் கேமராவுக்குப் பின்னால் நகர்ந்துகொண்டே போகலாம். இதில் 'பின்னால்' என்று ஒரு பக்கமே கிடையாது. போனில் பட்டனைத் தட்டிவிட்டு ஓடி ஒளிய வேண்டும். டிராலிக்குப் பின்னால், ஜெனரேட்டர் வண்டிக்கு அடியில், ஒருமுறை சாமி சப்பரத்துக்குள். என் ஹார்டு டிஸ்கில் அறுநூறுக்கு மேல் ஹெச்டிஆர்ஐ இருக்கிறது. எல்லாவற்றிலும் ஒரு மூலையில் என் முழங்காலோ முதுகோ தெரியும். எந்தப் படத்தின் மேக்கிங் வீடியோவிலும் நான் இல்லை. பேரன் பேத்தி கேட்டால் இதைத்தான் காட்ட வேண்டும்.

போன வருடம் இன்னொரு இசட்1 வாங்கினேன், பழையது, 51 ஜிபி. பெங்களூரில் என்னைப் போலவே செட்டில் சிஜிக்கான டேட்டா எடுக்கும் வேலையில் இருந்த ஒரு தம்பி விற்றான். அவன் கம்பெனியைத் திடீரென்று மூடிவிட்டார்கள். இந்தத் தொழிலில் இது புதிதில்லை. 2013 பிப்ரவரியில் ரிதம் அண்ட் ஹியூஸ் என்ற அமெரிக்க எஃபெக்ட்ஸ் நிறுவனம் திவால் மனு கொடுத்த அதே மாதம்தான், புதுச்சேரியில் ஒரு பகுதி எடுத்த லைஃப் ஆஃப் பை படத்தின் எஃபெக்ட்ஸுக்காக அவர்கள் ஆஸ்கர் வாங்கினார்கள். மேடையில் அந்தப் படத்தின் எஃபெக்ட்ஸ் சூப்பர்வைசர் பில் வெஸ்டன்ஹோஃபர், நிறுவனத்தின் நிலைமையைச் சொல்ல ஆரம்பித்ததும் இசையைப் போட்டு அவரை அடக்கினார்கள். அன்று நாங்கள் அதை ஏதோ ஹாலிவுட் சமாச்சாரம் என்று பார்த்துக்கொண்டிருந்தோம். தம்பி இப்போது ஓசூரில் அவன் மாமாவின் ஹார்டுவேர் கடையைப் பார்த்துக்கொள்கிறான்.

பழையது வாங்குவதாக இருந்தால் இரண்டைப் பாருங்கள். டியூப் லைட்டுக்குக் கீழே சாய்த்துப் பிடித்து இரண்டு லென்ஸிலும் கீறல் இருக்கிறதா என்று பாருங்கள். நேராகப் பார்த்தால் தெரியாது. அப்புறம் முழு சார்ஜ் போட்டு, ராவில் நூறு படம் தொடர்ந்து எடுத்து, எவ்வளவு சார்ஜ் மிச்சம் என்று பாருங்கள். பேட்டரியை மாற்ற முடியாத கேமராவில் வயது அங்கேதான் தெரியும்.

நான் அதையெல்லாம் பார்க்கவில்லை. தம்பி கேமரா ஆயிற்றே. வீட்டுக்கு வந்து லேப்டாப்பில் மாட்டியபோது அவன் கடைசி ஷூட்டின் கோப்புகள் அப்படியே இருந்தன. ஏதோ கோட்டை செட், நடுவே பச்சைத் துணி, ஓரத்தில் கவிழ்த்துப் போட்ட ஒரு மேசைக்கு அடியில் அவனுடைய சிவப்பு ஷூ. போன் பண்ணி, "அழிச்சிரட்டுமாடா?" என்று கேட்டேன்.

"ஒரு காப்பி எடுத்து அனுப்பிட்டு அழிச்சிருங்கண்ணே" என்றான்.